கூத்தாடி கிழக்கே பார்ப்பான்

1583 ஜனவரி 13, ஞாயிற்றுக்கிழமை. லண்டனில் தேம்ஸ் ஆற்றின் தென்கரையில் பாரிஸ் கார்டன் என்றொரு திடல் இருந்தது. கட்டிப்போட்ட கரடியின் மேல் நாய்களை ஏவிவிட்டு வேடிக்கை பார்க்கிற இடம். அன்று கூட்டம் தாங்காமல் மரப்பரண் சரிந்தது. சிலர் செத்தார்கள், பலருக்குக் கைகால் முறிந்தது. மறுநாளே லண்டன் மேயர், அரசியின் அமைச்சர் பர்லி பிரபுவுக்குக் கடிதம் எழுதினார். அவர் கணக்கில் பரண் கட்டியவன்மேல் குற்றமில்லை. ஓய்வுநாளை மதிக்காதவர்களுக்குக் கடவுள் கொடுத்த அடி அது.

தருமபுரிப் பக்கம் இந்தக் கணக்கு தலைகீழ். வானம் பார்த்த பூமி எங்களுடையது. மழை பொய்த்தால் ஊர்கூடி, தலைக்கட்டு வரி போட்டு, திரௌபதி அம்மன் கோயிலில் பாரதக் கூத்து வைப்பார்கள். விராட பருவம் நடந்தால் வானம் இறங்கும் என்பது நம்பிக்கை. லண்டனில் வேடிக்கை பார்த்தவனைச் சாமி தண்டித்தது. எங்கள் ஊரில் கூத்து வைக்காவிட்டால்தான் சாமி முகம் திருப்பிக்கொள்ளும்.

அப்படியானால் இங்கே கூத்துக்கு மறுப்பே இல்லையா? இருந்தது. என் வீட்டுக்குள்ளேயே இருந்தது. அதற்கு முன் லண்டன் கதையை முடித்துவிடுகிறேன். பள்ளியில் வரலாறு நடத்திய பழக்கம்; ஆண்டு வரிசை மாறினால் எனக்குப் பேச்சு ஓடாது.

முதலாம் எலிசபெத் ஆண்ட காலம் 1558 முதல் 1603 வரை. ஷேக்ஸ்பியர் பிறந்து வளர்ந்து நாடகம் எழுதிய காலம் என்று பெருமையாகச் சொல்கிறோம். அதே காலத்தில் 1572-இல் வந்த சட்டம், பெரிய பிரபு ஒருவரின் ஆதரவு இல்லாமல் ஊர் ஊராகத் திரியும் நடிகனை நாடோடி, உழைக்காதவன் என்ற வரிசையில் வைத்தது. பிடிபட்டால் சவுக்கடி, காய்ச்சிய இரும்பால் காதில் துளை. 1574-இல் லண்டன் நகரமன்றம் இன்னொரு கட்டளை போட்டது. எந்த நாடகத்தையும் முன்கூட்டியே படித்துப் பார்த்து அனுமதிக்க வேண்டும். இடம் கொடுப்பவர் பிணைப்பத்திரம் எழுதித் தர வேண்டும். ஆராதனை வேளையில் ஆடக்கூடாது. நகர எல்லைக்குள் இவ்வளவு கெடுபிடி என்றதும் ஜேம்ஸ் பர்பேஜ் என்பவர் 1576-இல் எல்லைக்கு வெளியே ஷோர்டிச்சில் கொட்டகை கட்டினார். அதன் பெயரே ‘தியேட்டர்’.

கொட்டகை எழுந்த மறு ஆண்டே கண்டனப் புத்தகங்கள் வரத் தொடங்கின. 1577-இல் ஜான் நார்த்புரூக் என்ற பாதிரியார் எழுதினார். 1579-இல் ஸ்டீபன் காசன் எழுதினார். அதற்கு முன் நாடகம் எழுதிய கை அது. 1583-இல் பிலிப் ஸ்டப்ஸ், பரண் சரிந்த சம்பவத்தையும் சேர்த்துக்கொண்டு எழுதினார். அவர்கள் அடுக்கிய குற்றங்கள்: பொய்யை மெய்போல் காட்டுகிறார்கள், பையன்கள் பெண்வேஷம் கட்டுகிறார்கள், அதை விவிலியத்தின் உபாகமம் தடுக்கிறது, கூட்டத்தில் திருட்டும் கள்ள உறவும் வளர்கின்றன. கொள்ளைநோய் பரவுகிறது என்று நகரமன்றம் தன் பங்குக்குச் சேர்த்துக்கொண்டது. இவற்றோடு அடிக்கடி வரும் இன்னொரு புகார்தான் எனக்கு முக்கியமாகப் படுகிறது. நாடகம் பிற்பகலில், வெளிச்சம் இருக்கும்போது நடக்கும். பட்டறையில் தொழில் பழக வந்த பையன்கள் வேலையைப் போட்டுவிட்டு அங்கே போய்விடுகிறார்கள் என்பதே அந்தப் புகார்.

இந்தக் கடைசிப் புகாரை எந்த ஒப்பனையும் இல்லாமல் சொன்னவர் நம் நாட்டில் இருக்கிறார். அர்த்தசாஸ்திரத்தின் இரண்டாம் பகுதியில், புதிதாகக் குடியேற்றும் ஊர்களில் கேளிக்கைக்கென்று கூடம் இருக்கக்கூடாது என்கிறார் கௌடிலியர். நடிகர், ஆடுபவர், பாடுபவர் யாரும் வந்து ஊராரின் வேலையைக் கெடுக்கக்கூடாது. ஏன்? வயலை நம்பி வாழும் ஊரில் மக்கள் வயலிலேயே இருந்தால் கருவூலத்துக்குப் பணமும் தானியமும் வேலைக்கு ஆளும் பெருகும். கடவுள், கற்பு, பண்பாடு எதையும் அவர் இழுக்கவில்லை. அந்த நேர்மைக்காக அவரை எனக்குப் பிடிக்கும்.

தமிழில் கூத்தை மறுக்கும் குரல், வரவேற்கும் குரல் இரண்டும் உண்டு. பௌத்தத்தில் நோன்பு நாளில் காக்கும் எட்டுச் சீலங்களில் ஆடல் பாடல் பார்ப்பதைத் தவிர்ப்பதும் ஒன்று; மணிமேகலை எழுந்த மண்ணில் அந்தக் குரல் ஒலித்திருக்கிறது. மறுபக்கம், அரூரிலிருந்து வடகிழக்கே போனால் வரும் செங்கத்தில்தான் நன்னன் ஆண்டான். பத்துப்பாட்டில் மலைபடுகடாம் அவன்மேல் பெருங்கௌசிகனார் பாடியது. அதற்குக் கூத்தராற்றுப்படை என்றும் பெயர். பரிசு பெற்றுத் திரும்பும் கூத்தன் எதிரே வரும் கூத்தனுக்கு வழி சொல்கிறான். எந்தத் தடத்தில் பன்றிக்குப் பொறி வைத்திருப்பார்கள், எந்த ஊரில் என்ன சோறு கிடைக்கும் என்பதுவரை அதில் இருக்கிறது. நம் தகடூர் அதியமானிடமும் பாணரும் விறலியரும் வந்து போயிருக்கிறார்கள். ஆடுகிறவர்களுக்கு வழி சொல்ல ஒரு பெரும்பாட்டு இயற்றிய மரபில்தான் பின்னாளில் ‘கூத்தாடி’ வசவாயிற்று.

எங்கள் பக்கம் ஒரு பழமொழி புழங்கும்: கூத்தாடி கிழக்கே பார்ப்பான், கூலிக்காரன் மேற்கே பார்ப்பான். ஒருவனுக்கு விடிய வேண்டும், ஒருவனுக்குப் பொழுது சாய வேண்டும். கேலிக்காகச் சொல்கிறோமே தவிர, அதில் இருவரும் வேலைசெய்து களைத்தவர்கள் என்பது இருக்கிறது. லண்டன் சட்டத்துக்கு இல்லாத தெளிவு இந்தப் பழமொழிக்கு உண்டு.

இப்போது என் வீட்டுக்கு வருகிறேன். தருமபுரி சேலத்திலிருந்து பிரிந்து தனி மாவட்டமான 1965-ஐ ஒட்டிய காலம். பாலக்கோடு பக்கம் எங்கள் ஊர். அப்பா ஆரம்பப் பள்ளி ஆசிரியர். பாரதம் தொடங்கினால் அவருக்கு முகம் கடுகடுவென்று ஆகிவிடும்.

“விடிய விடியக் குந்திக்கினு இருந்துட்டு நாளைக்கு எந்தப் பையன் பள்ளிக்கூடம் வருவான்? வந்தாலும் தூங்குவான்” என்பார்.

ஆயா விடமாட்டார். “தபசு மரத்துல இருந்து உழுந்த எலுமிச்சம்பழத்தைத் தின்னு பொறந்தவன்டா நீ. வந்துட்டான் பெரிய வாத்தி.”

ஆயா சொன்னது அர்ச்சுனன் தபசு. உயரமான கம்பத்தில் அர்ச்சுனன் வேஷக்காரர் பாடிக்கொண்டே ஏறி, உச்சியில் நின்று எலுமிச்சையும் பூவும் விபூதியும் கீழே எறிவார். குழந்தை வேண்டும் பெண்கள் முந்தானையை விரித்துக் காத்திருப்பார்கள். அப்பாவால் அதற்குமேல் பேச முடியாது.

ஆனால் அவருடைய மறுப்பு தூக்கத்தோடு நிற்கவில்லை. கூத்தின் அமைப்பே அவருக்கு ஒவ்வாதது. பொழுது சாய்ந்ததும் கூத்துப்பெட்டி வந்து இறங்கும். வேஷக்காரர்கள் ஆளுக்கொரு சில்லுக் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு முத்துவெள்ளையும் அரிதாரமும் பூசி முகம் எழுத உட்காருவார்கள். முகம் எழுதவே ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். பிறகு கிரீடம், புஜக்கட்டை, மார்ப்பதக்கம், காலில் சலங்கை. மரத்தில் செய்து கண்ணாடிச் சில்லு பதித்த கட்டைகளை இடுப்பிலும் தோளிலும் இறுக்கிக் கட்டினால் காலையில் அவிழ்க்கும்போது தழும்பு கன்றியிருக்கும். மிருதங்கமும் முகவீணையும் ஆர்மோனியமும் சேர்ந்து களரி கட்டியதும் முதலில் வருபவன் கட்டியங்காரன். அவன் வாய்க்குப் பூட்டு இல்லை. ஊர்க் கவுண்டரிலிருந்து கர்ணம் வரைக்கும் கிண்டல். நடுநடுவே பச்சையாகவும் பேசுவான். அந்த நேரம் பார்த்து ஆயா, “போய் ஒரு சொம்பு தண்ணி கொண்டா” என்று என்னை எழுப்பிவிடுவார். ஆயாவின் தணிக்கை அவ்வளவுதான். நான் தண்ணீரோடு திரும்பும்போது அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருப்பார்.

அதே களரியில் சில நாள் கழித்துத் துகில் உரியும் இரவு வரும். திரௌபதி வேஷம் கட்டுகிறவர் ஓர் ஆண். அன்று பகல் முழுக்க விரதம் இருப்பார். துச்சாதனன் சேலையில் கைவைக்கும்முன் ஆட்டம் நிற்கும்; கற்பூரம் ஏற்றி, அம்மனை வேண்டிக்கொண்டு, துச்சாதனன் வேஷக்காரரே திரௌபதி வேஷத்துக்குக் கும்பிடு போட்டுவிட்டுத்தான் கைவைப்பார். கூட்டத்தில் பெண்களுக்கு அருள் வரும். பச்சைப்பேச்சும் பக்தியும் ஒரே பந்தலில் இருப்பதுதான் அப்பாவுக்குப் பொறுக்காது. ‘சாமி என்றால் சாமி, ஆபாசம் என்றால் ஆபாசம், இரண்டையும் கலக்காதே’ என்பது அவர் கட்சி. ஸ்டப்ஸும் இதே கட்சிதான் என்பதைக் கல்லூரியில் படித்தபோது கண்டுகொண்டேன்.

அப்பா சொல்லாத, ஆனால் ஊரே கடைப்பிடித்த மூன்றாவது மறுப்பு ஒன்று இருந்தது. இரவில் தருமராஜா என்று கும்பிட்டவரை விடிந்ததும் “ஏ கூத்தாடி, இங்க வா” என்று கூப்பிட்டார்கள். வேஷத்துக்கு மரியாதை, ஆளுக்கு இல்லை. பெண் கொடுக்கும்போது மாப்பிள்ளை கூத்துக்குப் போகிறவரா என்று விசாரித்தார்கள். பேசிய கூலியை, பாரதத்தின் கடைசிக் கட்டமான படுகளம் முடிந்தபின் குறைத்துக் கொடுத்த ஊர்களும் உண்டு. கேட்டால், “நல்லா ஆடலியே” என்பார்கள்.

வெள்ளைக்காரன் ஆட்சி இந்த இகழ்ச்சியைக் காகிதத்தில் ஏற்றியது. 1871-இல் குற்றப்பரம்பரைச் சட்டம் வந்தது. 1911-இல் சென்னை மாகாணத்துக்கும் நீட்டினார்கள். கம்பத்திலும் கயிற்றிலும் வித்தை காட்டிப் பிழைத்த டொம்மர்களும் அந்த வலையில் விழுந்தார்கள். 1572 லண்டன் சட்டத்தைப் போலவே இதற்கும் நிலையாக ஓரிடத்தில் இல்லாதவன்மேல் சந்தேகம். சட்டம் 1952-இல் ஒழிந்தது; சீர்மரபினர் பட்டியலில் அவர்கள் பெயர் இன்னும் இருக்கிறது.

1876-இல் நாடக நிகழ்ச்சிச் சட்டம். வங்காளத்தில் அவுரித் தோட்டத் துரைமார்களைக் காட்டிய ‘நீல் தர்ப்பண்’ போன்ற நாடகங்களும், வேல்ஸ் இளவரசர் வருகையைக் கேலிசெய்த நாடகமும் ஆட்சியை உறுத்தின. முதலில் அவசரச் சட்டம் போட்ட வைஸ்ராயின் பெயர் நார்த்புரூக். முந்நூறு ஆண்டு இடைவெளியில் அதே பெயர் வந்தது தற்செயல்தான், ஆனாலும் எனக்குச் சிரிப்பு வந்தது. அவதூறு, ராஜதுரோகம், பார்ப்பவர் மனத்தைக் கெடுப்பது மூன்றையும் அந்தச் சட்டம் ஒரே மூச்சில் தடுத்தது. ஆட்சியைக் கேலி செய்வதும் ஆபாசமும் ஒரே பிரிவுக்குள் அடங்கிவிட்டன.

ஒழுக்க மறுப்பு எல்லாமே போலி என்று சொல்ல நான் வரவில்லை. 1893-இல் சென்னையின் இந்து சமூகச் சீர்திருத்த சங்கத்தார் வைஸ்ராய்க்கும் ஆளுநருக்கும் மனுக் கொடுத்தார்கள்: தேவதாசியர் ஆடும் சதிர்க் கச்சேரி நடக்கும் விருந்துக்குப் போகாதீர்கள் என்று. இருவரும் மறுத்துவிட்டார்கள், அதில் தவறாக ஒன்றும் தெரியவில்லை என்றார்கள். ஆனால் சிறுமிகளைக் கோயிலுக்கு நேர்ந்து பொட்டுக்கட்டும் வழக்கம் இருந்தது, அதில் சீரழிந்த உயிர்கள் இருந்தன. மருத்துவர் முத்துலட்சுமி ரெட்டி அதை எதிர்த்தது நியாயம். அவருடைய நீண்ட போராட்டம் 1947-இல் சட்டமானது. அந்தப் போராட்டத்தின் நடுவில், 1932-இல், இ. கிருஷ்ணய்யர் ஆட்டத்தைக் காப்பாற்ற வேண்டும் என்று பத்திரிகையில் அவரோடு வாதாடினார். ஆட்டம் பிழைத்தது, பரதநாட்டியம் என்ற பெயரோடு பெரிய சபாக்களில் ஏறியது. காலங்காலமாக ஆடிவந்த குடும்பங்களில் பலவற்றுக்கு அந்த மேடையில் இடமில்லை. பிள்ளைகளைக் காத்தது சரி. பெரியவர்களின் பிழைப்புக்கு யார் வழி சொன்னார்கள்?

எங்கள் மாவட்டத்தில் இந்த வரலாற்றுக்கு ஒரு திருப்பம் உண்டு. பென்னாகரம் பக்கம் பாப்பாரப்பட்டியில் விடுதலைப் போராட்ட வீரர் சுப்பிரமணிய சிவா வந்து ஆசிரமம் வைத்தார். சிறையில் தொழுநோய் வந்து, ரயிலில் ஏறக்கூடாது என்று அரசு தடுத்த மனிதர். பாரத மாதாவுக்குக் கோயில் கட்ட நினைத்தார்; 1923-இல் சி. ஆர். தாஸ் அடிக்கல் நாட்டினார். 1925 ஜூலை 23-இல் அங்கேயே இறந்தார். அவர் நாடகமும் எழுதியவர். சிவாஜியையும் தேசிங்குராஜனையும் மேடைக்குக் கொண்டுவந்தார். துறவியைப் போல் வாழ்ந்தவர், நாடகம் மனத்தைக் கெடுக்கும் என்று நினைக்கவில்லை. மனத்தை எழுப்பும் என்று நினைத்தார்.

அந்தத் தலைமுறையில் நாடகத்துக்குப் புதிய மரியாதை வந்தது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் பாலர் சபை தொடங்கினார். அதற்கு முன்பே 1891-இல் பம்மல் சம்பந்த முதலியார் சென்னையில் சுகுண விலாச சபையைத் தொடங்கி, வக்கீல்களையும் படித்தவர்களையும் வேஷம் கட்ட வைத்தார். சிறுவயதில் தமிழ் நாடகத்தை வெறுத்தவர் அவர். பெல்லாரியிலிருந்து வந்த கிருஷ்ணமாச்சாரியார் குழுவின் தெலுங்கு நாடகம் பார்த்துத்தான் மனம் மாறினார். ஆனால் மரியாதை எல்லோருக்கும் ஒரே அளவில் வரவில்லை. நாடக நடிகர் விஸ்வநாத தாஸ் முருகன் வேஷத்தில் வெள்ளைக்காரனை வெள்ளைக் கொக்கு என்று பாடினால் போலீஸ் வாசலில் நிற்கும். பலமுறை சிறைக்குப் போனார். அவர் பிறந்த மருத்துவர் சாதியைச் சொல்லி உடன் நடிக்க மறுத்தவர்களும் இருந்தார்கள். 1940 டிசம்பர் 31-இல் மேடையிலேயே உயிர் போயிற்று. ராஜதுரோகம் என்று அரசு மறுத்தது, சாதி என்று சக நடிகர் மறுத்தார். இரண்டிலும் ஒழுக்கம் எங்கே இருக்கிறது?

சுதந்திரத்துக்குப் பிறகும் பழைய சாவி புதிய கைக்கு வந்தது. எம். ஆர். ராதாவின் ‘ராமாயணம்’ நாடகம் கிளப்பிய கொந்தளிப்பில் 1954-இல் சென்னை மாநிலம் தனக்கென்று ஒரு நாடகச் சட்டம் போட்டது. எழுத்தாளர் ஞாநி தொடுத்த வழக்கில் 2013-இல்தான் சென்னை உயர்நீதிமன்றம் அதன் முக்கியப் பிரிவுகளை ரத்து செய்தது. 1876 சட்டத்தை நாடாளுமன்றம் தூக்கிப்போட இன்னும் சில ஆண்டு ஆயிற்று.

இதற்கிடையில் தெருக்கூத்து ‘கலை’ ஆகிவிட்டது. ந. முத்துசாமி 1977-இல் கூத்துப்பட்டறை தொடங்கினார்; படித்தவர்கள் புரிசைக்குப் போய்க் கண்ணப்ப தம்பிரானின் ஆட்டம் பார்த்தார்கள். 1990-இல் காஞ்சிபுரத்தில் பெ. ராஜகோபாலும் ஹன்னே டி புருயினும் கட்டைக்கூத்துச் சங்கம் வைத்தார்கள். 2002-இல் தொடங்கிய அதன் குருகுலத்தில் பெண்பிள்ளைகளும் வேஷம் கட்டினார்கள். இங்கிலாந்தில் பியூரிட்டன்கள் 1642-இல் கொட்டகைகளை மூடி, 1660-இல் திரும்பத் திறந்தபோது மேடையில் பெண்களே நடித்தார்கள். மூடிப் பார்த்தும் ஆட்டம் போகவில்லை. முன்னைவிட ஆள் கூடித்தான் வந்தது.

ஆனால் மறுப்பு இப்போது கூத்தை விட்டு ஆடல் பாடல் நிகழ்ச்சியைப் பிடித்திருக்கிறது. திருவிழாவுக்குச் சினிமாப் பாட்டு நடனம் வைக்கக் காவல் நிலையத்தில் அனுமதி கேட்க வேண்டும். கிடைக்காவிட்டால் உயர்நீதிமன்றம் போகிறார்கள். நீதிமன்றம் விதிக்கும் நிபந்தனைகள் எல்லோருக்கும் மனப்பாடம்: ஆபாச அசைவு கூடாது, இரட்டை அர்த்தப் பாட்டு கூடாது, சாதியையும் கட்சியையும் தூக்கும் பாட்டு கூடாது, குறித்த நேரத்துக்குள் முடிக்க வேண்டும், மீறினால் அமைப்பாளர் பொறுப்பு. 1574 லண்டன் கட்டளையில் தேதியை மாற்றினால் போதும்.

எங்கள் பக்கத்துக் கூத்து வாத்தியார் ஒருவரிடம் இதைப் பேசினேன். “டீச்சரம்மா, அந்த டான்ஸால ஊரே கெட்டுப்போச்சு. பசங்க பாரதம் பார்க்கவே வர்றதில்ல” என்றார். அப்பாவின் குரல், கூத்தாடியின் வாயில். “உங்களையும் ஒரு காலத்துல இப்படித்தானே சொன்னாங்க, வாத்தியாரே?” என்று கேட்டேன். கொஞ்ச நேரம் வெற்றிலையை மென்றார். “சொன்னாங்க. ஆனா அந்தப் பொண்ணுங்களுக்கு எங்கள விடக் கொடுமைம்மா. எங்களுக்காவது செட்டு இருக்குது, பெட்டி இருக்குது. அதுங்களுக்கு ஏஜெண்டு குடுக்கறதுதான் காசு” என்றார். அவருக்கும் தொல்லை இல்லாமல் இல்லை. இரவு பத்துக்கு மேல் ஒலிபெருக்கி கூடாது என்று 2000-ஆம் ஆண்டு ஒலி மாசு விதி சொல்கிறது. கூத்து தொடங்குவதே பத்து மணிக்கு. 2020-இல் ஊரடங்கு வந்து சித்திரை, வைகாசி முழுக்கப் பெட்டி திறக்கவில்லை.

நான் பார்த்த ஓர் ஆடல் பாடல் இரவில், வேனுக்குப் பின்னால் இரண்டு சேலையைத் தடுப்பாகக் கட்டி அந்தப் பெண்கள் உடை மாற்றினார்கள். குடித்துவிட்டு எட்டிப் பார்க்க வந்த பையன்களைச் சேலைநுனியைப் பிடித்துக்கொண்டு நின்ற மூத்த பெண் விரட்டிக்கொண்டே இருந்தாள். மேடையில் பாவாடை எத்தனை அங்குலம் என்று பார்க்கக் காவலர் இருந்தார். வேனுக்குப் பின்னால் யாரும் இல்லை. ஒழுக்கத்துக்கு இவ்வளவு நிபந்தனை எழுதுகிறோம். உடை மாற்ற ஓர் அறை, எழுத்தில் கூலி, பதினெட்டு வயதுக்குக் கீழே ஆள் கூடாது, நடுராத்திரியில் வீடு திரும்ப வண்டி என்று நான்கு வரி அதில் சேர்க்க யாருக்கும் தோன்றவில்லை.

அப்பாவின் கவலையில் உண்மை இருந்தது; மறுநாள் வகுப்பில் நானே தூங்கியிருக்கிறேன். முத்துலட்சுமி ரெட்டியின் கோபத்தில் அதைவிடப் பெரிய உண்மை இருந்தது. தீங்கு எங்கே என்று விரல் வைத்துக் காட்டிய மறுப்பு நன்மை செய்தது. ஆடுகிறவரையே தீங்கென்று சொன்ன மறுப்பு, 1572-இலிருந்து இன்றுவரை, அவர் கூலியைக் குறைக்க மட்டுமே உதவியிருக்கிறது. நம் ஊர்த் திருவிழாவில் ஆபாசம் என்று கையைத் தூக்குகிறவர்கள் தூக்கட்டும். விடிந்ததும் கணக்கு முடித்துப் பணம் எண்ணிக் கொடுக்கிற இடத்திலும் அவர்கள் இருக்க வேண்டும்.